திரைக்குப் பின் ஒரு விளக்கு

காரணப் பெயருக்கு ஓர் எடுத்துக்காட்டுக் கேட்டேன். "கருந்துளை" என்றான் ஒரு மாணவன். தொடர்ந்து, "துளையாயின் அது எங்ஙனம் ஒளிரும், ஐயா?" என வினவினான். கலைச்சொல்லாக்கத்திற் சிறிது செருக்குடைய எனக்கு விடை தோன்றவில்லை. விஞ்ஞான ஆசிரியரிடம் நூல் இரந்து பெற்றுப் படித்தேன்.

திமிங்கிலம் என்னும் உடுத்தொகுதியிலே மெசியே 77 என்றொரு விண்மீன் திரள் உளது. 1780 இல் பியர் மெசான் அதனைக் கண்டார். நடுவே கோல்போன்ற பட்டை. சூழச் சுருளும் கைகள். அதனையும் அதுபோன்ற சிலவற்றையும் 1943 இல் ஆராய்ந்த கார்ல் செய்பேட்டின் பெயராலேயே அவ்வினம் இன்று வழங்குகின்றது. அவற்றின் மையம் பேரொளி வீசுவது. ஒளிர்வது துளையன்று, அதனுள் வீழுமுன் சுழன்று உராய்ந்து வெம்மையுறும் வாயுவே.

ஆயின், மெசியே 77 இல் அவ்வாயுவும் நமக்கு நேரே தோன்றாது. தடித்த தூசு வளையம் மறைத்து நிற்கின்றது. பின் அறிந்தது எவ்வாறு? தூசுக்கு மேலாகத் தப்பிய ஒளி, ஆங்குள்ள இலத்திரன்களிற் பட்டுச் சிதறி நம்பக்கம் திரும்புகின்றது. சிதறிய ஒளி ஒரு திசையிலேயே மிகுதியாய் அதிரும். அதனை மட்டும் பிரித்தெடுத்து, மறைந்த மையத்தின் நிறமாலையை 1985 இல் அந்தோனுச்சியும் மில்லரும் கண்டனர். கதவிடுக்கால் எதிர்ச்சுவரில் விழும் வெளிச்சங் கொண்டு உள்ளறை விளக்கை அறிதல் போன்றது இது. வியந்தேன்.

மறுநாள் இதனைக் கூறினேன். "காணாத பொருளுக்கு இடுகுறிப் பெயரன்றோ பொருந்தும்?" என்றான் அவன். ஒளி மீளாமையாற் 'கரு' என்றல் காரணம் பற்றியதே என்றேன். 'துளை'க்குக் காரணம் கேட்டு இன்னும் காத்திருக்கிறான்.