அதிதி சவுகான்

அதிதி சவுகான் (பிறப்பு: நவம்பர் 20, 1992) இந்தியப் பெண்கள் தேசியக் காற்பந்து அணியின் முன்னாள் கோல்காப்பாளர் ஆவார். சென்னையில் பிறந்து தில்லியில் வளர்ந்தவர்.

விளையாட்டு மேலாண்மையில் முதுகலைப் பட்டம் பெற இங்கிலாந்தின் லஃப்பரோ பல்கலைக்கழகத்திற்குச் சென்ற இவர், 2015ஆம் ஆண்டு ஆகத்தில் வெஸ்ட் ஹாம் யுனைட்டெட் பெண்கள் அணியில் இணைந்தார். இங்கிலாந்து கழக அணி ஒன்றுக்கு ஆடிய முதல் இந்தியப் பெண் இவரே. எனினும் அவ்வணி அப்போது மூன்றாம் நிலைத் தொடரிலேயே ஆடி வந்தது. முதல் ஆட்டத்தில் கோவென்ட்ரி அணியிடம் 0–5 எனத் தோற்றது. தாயகம் திரும்பியபின் கோகுலம் கேரளா அணியில் இடம்பெற்று 2019–20, 2021–22 பருவங்களில் இந்தியப் பெண்கள் லீக் கோப்பையை வென்றார். இடையில் 2021இல் ஐசுலாந்தின் ஹமார் கழகத்திற்கும் ஆடினார்.

2012, 2016, 2019 ஆண்டுகளில் தெற்காசியக் கோப்பையை வென்ற இந்திய அணிகளில் இவர் இருந்தார்.

2022ஆம் ஆண்டு ஆசியக் கோப்பை இந்தியாவிலேயே நடைபெற்றது. உலகக்கோப்பைக்கான தகுதிச் சுற்றும் அதுவே. சனவரி 20 அன்று நவி மும்பையில் ஈரானுக்கு எதிராக இவர் கோல் எதையும் விடவில்லை. ஆட்டம் 0–0 எனச் சமனானது. மூன்று நாட்களுக்குப் பின் சீன தைப்பேயுடன் ஆடவேண்டிய நிலையில், கொரோனாத் தொற்றால் குறைந்தபட்சத் தேவையான 13 வீராங்கனைகளைக்கூட அணியால் திரட்ட இயலவில்லை. இந்தியா விலகியதாகக் கருதப்பட்டதால் ஈரானுடனான ஆட்டமும் செல்லாததாயிற்று. பட்டியலில் அந்த ஒரு புள்ளியும் இல்லை.

57 பன்னாட்டு ஆட்டங்களில் ஆடிய இவர் 2025 சூலையில் ஓய்வு பெற்றார். சிறுமியருக்குக் காற்பந்து பயிற்றுவிக்கும் 'சீ கிக்சு' பயிற்சியகத்தை நிறுவியவரும் இவரே.