களம் காணாத எண் 45

ஒரு விளையாட்டு வீரரை அவர் ஆடிய ஆட்டங்களைக் கொண்டுதான் நாம் எடைபோடுகிறோம். ஆனால் தொழில்முறைக் குழுவுக்காக ஒரு போட்டியிலும் ஆடாத ஒருவரின் சட்டை எண்ணை, இனி எவரும் அணியலாகாது என்று அக்குழுவே ஒதுக்கி வைத்த கதை ஒன்று உண்டு. அவர் பெயர் எர்னி டேவிஸ், நாடு அமெரிக்கா.

முதலில் அவர் ஆடிய ஆட்டத்தைச் சிறிது அறிந்துகொள்வோம். அமெரிக்கர் அதைக் காற்பந்து என்றே அழைக்கின்றனர். பந்து இருப்பதோ பெரும்பாலும் கையில்! (பெயர் வைத்தவர்களைத்தான் கேட்க வேண்டும்.) பந்தும் உருண்டையன்று, இருமுனையும் கூரான முட்டை வடிவம். அணிக்கு 11 பேர். களத்தின் நீளம் 100 கெஜம். பந்தை வைத்திருக்கும் அணிக்கு நான்கு வாய்ப்புகள் தரப்படும். அதற்குள் 10 கெஜம் முன்னேறாவிட்டால் பந்து எதிரணிக்குப் போய்விடும். எதிரணியின் எல்லைக் கோட்டைப் பந்துடன் கடந்தால் 6 புள்ளிகள். பந்தோடு ஓடுபவரைச் சடுகுடுவில் மடக்குவதுபோல் மேலே விழுந்து மடக்குவார்கள். ஆகவேதான் தலைக்கவசமும் தோள் காப்பும். டேவிஸ் அப்படிப் பந்தோடு ஓடுபவர்.

அவர் 1939 டிசம்பர் 14 அன்று பென்சில்வேனியா மாநிலத்தில் பிறந்தார். பிறக்குமுன்பே தந்தை விபத்தில் இறந்துவிட்டார். தாத்தா பாட்டியிடம் வளர்ந்த சிறுவனுக்குப் பேச்சில் திக்கல் இருந்தது. 12 வயதில் நியூயார்க் மாநிலத்தின் எல்மைரா நகருக்குத் தாயாரிடம் வந்தார். அங்கே பள்ளியில் காற்பந்து, கூடைப்பந்து இரண்டிலும் அவரே முதல்வர். பின்னர் சிரக்யூஸ் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அங்கே ஆடிப் புகழ்பெற்ற ஜிம் பிரவுன் அணிந்த 44 என்ற எண்ணே இவருக்கும் தரப்பட்டது. அந்த எண்ணின் சுமையை நினைத்துப் பார்க்கலாம். ஆயினும் முன்னவரின் சாதனைகளில் பலவற்றை இவர் முறியடித்தார்.

1960 ஜனவரி 1 அன்று டெக்சஸ் மாநிலத்தின் டல்லாஸ் நகரில் டெக்சஸ் பல்கலைக்கழகத்தோடு போட்டி. தொடைத் தசையில் காயத்தோடு இறங்கிய டேவிஸ், ஆட்டம் தொடங்கிய சற்று நேரத்திலேயே, தமக்கு எறியப்பட்ட பந்தைப் பிடித்து ஓடி 87 கெஜ ஆட்டத்தை முடித்து வைத்தார். சிரக்யூஸ் 23-14 என்று வென்றது. சிறந்த வீரர் பரிசு அவருக்கே. ஆனால் பரிசளிப்பு விருந்தில் அவருக்கு ஒரு நிபந்தனை சொல்லப்பட்டது. பரிசை வாங்கிக்கொண்டு மண்டபத்தை விட்டு வெளியேறிவிட வேண்டும். உட்கார்ந்து உண்ணக் கூடாது. காரணம், அவர் கறுப்பினத்தார். களத்தில் கைதட்டிய ஊரிலேயே சாப்பாட்டு மேசையில் அவருக்கு இடமில்லை!

1961இல் நாட்டின் தலைசிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்குரிய ஹைஸ்மன் கோப்பையை அவர் பெற்றார். 1935 முதல் வழங்கப்பட்டுவரும் அக்கோப்பையைப் பெற்ற முதல் கறுப்பினத்தவர் அவரே. விருதுக்காக நியூயார்க் வந்தபோது ஜனாதிபதி கென்னடி அவரைச் சந்தித்துக் கைகுலுக்கினார்.

அந்நாளில் தொழில்முறைக் குழுக்களில் கறுப்பின ஆட்டக்காரர் எவரையும் சேர்க்காமல் எஞ்சியிருந்தது வாஷிங்டன் குழு ஒன்றே. அது ஆடவிருந்த புதிய அரங்கமோ மத்திய அரசின் நிலத்தில் இருந்தது. இந்தப் பாகுபாட்டைக் கைவிடாவிட்டால் அரங்கம் கிடைக்காது என்று அரசு எச்சரித்தது. அக்குழு வேறு வழியின்றி டேவிஸைத் தேர்ந்தெடுத்து, உடனே பாபி மிட்செல் என்ற கறுப்பின வீரரை வாங்கிக்கொண்டு, இவரைக் கிளீவ்லேண்ட் குழுவுக்குக் கொடுத்துவிட்டது. கிளீவ்லேண்டில் ஜிம் பிரவுன் ஆடிக்கொண்டிருந்தார். 44உம் 44உம் ஒரே அணியில் ஓடப்போவதாக ரசிகர்கள் காத்திருந்தனர். டேவிஸுக்கு இங்கே 45 என்ற புதிய எண் தரப்பட்டது.

1962 கோடையில் ஒரு காட்சிப் போட்டிக்கான பயிற்சியின்போது அவர் நோயுற்றார். பரிசோதனையில் தெரிந்தது இரத்தப் புற்றுநோய். அக்காலத்தில் மருந்துகளால் நோயைச் சில மாதங்கள் தணிக்க முடிந்ததே தவிர, குணமாக்க இயலவில்லை. நோயின் பெயரை அக்டோபரில்தான் அவரிடம் கூறினர். நோய் தணிந்திருந்த வேளையில் ஆட விரும்பினார். பயிற்றுநர் பால் பிரவுன் இணங்கவில்லை. அது கண்டிப்பா, கருணையா என்று எங்களுக்குள்ளே இன்னும் ஒத்த கருத்து இல்லை.

அந்த ஆகஸ்டில் கிளீவ்லேண்ட் அரங்கில் ஓர் இரவு அவருடைய பெயரை அறிவித்தார்கள். ஒளிவட்டம் தொடர, அவர் களத்துக்குள் ஓடி வந்தார். அரங்கம் எழுந்து ஆரவாரித்தது. அந்தக் களத்தில் அவருடைய ஓட்டம் அவ்வளவே.

1963 மார்ச்சில் ஒரு வாரப் பத்திரிகையில் அவர் பெயரில் கட்டுரை வெளிவந்தது. தலைப்பு: ‘நான் துரதிருஷ்டசாலி அல்ல’. மே 18 அன்று, தமது 23ஆம் வயதில், அவர் காலமானார். எல்மைராவில் அஞ்சலி செலுத்தப் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் வரிசையில் நின்றனர். அவர் படித்த பள்ளிக் கட்டடத்துக்குப் பின்னாளில் அவர் பெயரையே சூட்டினார்கள். கிளீவ்லேண்ட் குழுவில் 45ஆம் எண் அதன்பின் யாருக்கும் தரப்படவில்லை.