17,500 ரூபாயில் நின்றுபோன ஐஐடி

உத்தரப் பிரதேசத்தின் முசாபர்நகர் மாவட்டத்தைச் சேர்ந்த தலித் மாணவர் ஒருவருக்கு 2024-இல் தன்பாத் ஐஐடியில் எலெக்ட்ரிக்கல் இன்ஜினீயரிங் கிடைத்தது. இடத்தை உறுதிசெய்ய ஜூன் 24 மாலை 5 மணிக்குள் ஆன்லைனில் 17,500 ரூபாய் கட்ட வேண்டும். அப்பாவுக்குத் தினக்கூலி 450 ரூபாய். சாப்பிடாமல் சேர்த்தாலும் 39 நாள் கூலி அது. கிடைத்த அவகாசமோ நான்கே நாள். ஊராரிடம் கைமாற்று வாங்கிப் பணம் சேர்ந்தபோது மணி ஐந்தை நெருங்கிவிட்டது. கட்டி முடிப்பதற்குள் இணையதளம் மூடிக்கொண்டது.

அந்த ஆண்டு ஐஐடி நுழைவுத் தேர்வான ஜேஇஇ அட்வான்ஸ்டை நடத்தியது ஐஐடி மெட்ராஸ். அதனால் வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்து, பிறகு உச்ச நீதிமன்றம் போனது. எஸ்எம்எஸ், வாட்ஸ்அப் எல்லாம் அனுப்பி நினைவூட்டினோம் என்றது எதிர்த்தரப்பு. கையில் காசில்லாதவருக்கு நினைவூட்டி என்ன பயன்? செப்டம்பர் 30 அன்று, அப்போதைய தலைமை நீதிபதி சந்திரசூட் தலைமையிலான அமர்வு முழு நீதி வழங்கத் தனி அதிகாரம் தரும் அரசியலமைப்பின் 142-வது பிரிவைப் பயன்படுத்தி, கூடுதல் இடம் உருவாக்கி அவரைச் சேர்க்க உத்தரவிட்டது.

எல்லோரும் கைதட்டினோம். ஆனால் ஒன்றை யாரும் பெரிதாகப் பேசவில்லை. ஐஐடிகளின் ஆண்டுக் கல்விக் கட்டணம் 2016-இல் 90,000 ரூபாயிலிருந்து 2 லட்சமானபோது, பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்களுக்கும், ஆண்டு வருமானம் ஒரு லட்சத்துக்குக் கீழுள்ள குடும்பத்துப் பிள்ளைகளுக்கும் அது முழுதாகத் தள்ளுபடி. ஆக, உள்ளே போய்விட்டால் கல்விக் கட்டணமே கிடையாது. வாசலில்தான் ரொக்கம் கேட்கிறார்கள்!

வாசல்வரை வருவதற்கே செலவு தனி. பயிற்சி மையங்கள் நிறைந்த கோட்டா நகரில் ஒரு வருடப் பயிற்சிக்கு லட்சத்துக்கு மேல், விடுதி வாடகை வேறு. ஜேஇஇ அட்வான்ஸ்டை இரண்டு முறைதான் எழுதலாம், அதுவும் அடுத்தடுத்த ஆண்டுகளில். வசதியுள்ள வீட்டுப் பிள்ளை முதல் முறை தவறினால், ஒரு வருடம் பயிற்சி மையத்திலேயே உட்கார்ந்து மறுபடி எழுதும். இந்த மாணவருக்கு 2024 தேர்வே இரண்டாவது, கடைசி வாய்ப்பு.

இடத்தைப் பிடித்துவைத்துச் சேராமல் போகிறவர்களைத் தடுக்கவே முன்பணம் என்கிறார்கள். நியாயம்தான். ஆனால் கட்டணத் தள்ளுபடிக்குத் தகுதியானவர்களிடம் அதைச் சேர்ந்த பிறகு வாங்கலாம், அல்லது உதவித்தொகையில் கழித்துக்கொள்ளலாம். இதற்குச் சட்டத் திருத்தம் தேவையில்லை. கலந்தாய்வு விதிகளில் ஒரு வரி போதும். கல்வி அமைச்சகம் அடுத்த கலந்தாய்வுக்கு முன்பே அந்த வரியைச் சேர்க்க வேண்டும்.