மூக்கைப் பொத்தாத கேமரா

2015 அக்டோபரில் மதுரையில் செப்டிக் டேங்கில் இறங்கிய தொழிலாளர்கள் இருவர் விஷவாயு தாக்கி இறந்தார்கள். நீதி கேட்டுப் போராடியவர்களில் திவ்யபாரதியும் ஒருவர். சட்டம் படித்தவர், இடதுசாரி இயக்கத்துக்காரர். இறந்தவர்களில் ஒருவரின் மனைவி கதறியதைப் பார்த்தபோதுதான் கேமராவை எடுக்கும் முடிவுக்கு வந்தார். 2017 பிப்ரவரியில் வெளியான 'கக்கூஸ்' ஆவணப்படம் அப்படிப் பிறந்தது.

தமிழ்நாட்டின் பல மாவட்டங்களுக்கும் போய் எடுத்த படம் இது. பொதுக் கழிப்பறை, ரயில் தண்டவாளம், பாதாளச் சாக்கடை என எங்கெல்லாம் மனிதக் கை மலத்தைத் தொடுகிறதோ, அங்கெல்லாம் கேமரா நிற்கிறது. ஒளிப்பதிவாளர் பழனிகுமார் காட்சியை அழகுபடுத்தவில்லை. முகம் சுளித்து விலகவும் இல்லை. பார்ப்பவருக்குக் குமட்டும். குமட்டட்டும் என்றுதான் அத்தனை நேரம் நிறுத்திக் காட்டுகிறார்கள். நாம் சில நிமிடம் பார்க்க முடியாததைத் தினமும் கையால் அள்ளுகிறவர்கள் திரையில் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

அந்தப் பேச்சுதான் படத்தின் உயிர். வேலை முடிந்து வந்தால் சோறு இறங்காததைச் சொல்கிறார்கள். இந்த வேலை தங்கள் சாதியின் தலையில் மட்டும் ஏன் விழுகிறது என்று கேட்கிறார்கள். யாரும் அவர்களுக்காகப் பரிந்து பேசவில்லை. அவர்களே பேசுகிறார்கள், கோபமாகவும் தெளிவாகவும். விளிம்புநிலை மக்களைப் பற்றி எடுக்கப்படும் படங்களில் பலவும் தவறவிடுவது இதைத்தான். அழுகிற முகத்தைக் காட்டிவிட்டு, அந்த மனிதரின் வாதத்தை வெட்டிவிடுவார்கள்.

மனிதர்களை மலம் அள்ள வைப்பதை 1993-இலேயே சட்டம் தடை செய்தது. 2013-இல் வந்த புதிய சட்டம், பாதுகாப்புச் சாதனம் இல்லாமல் சாக்கடையிலும் செப்டிக் டேங்கிலும் ஆளை இறக்குவதையும் குற்றமாக்கியது. சட்டம் இருந்தும் சாவு நிற்காததைத்தான் படம் காட்டியது. ஆனால் நடவடிக்கை பாய்ந்தது படம் எடுத்தவர் மேல். நாகர்கோவிலில் திரையிட அனுமதி மறுத்தார்கள். படத்தை யூடியூபில் எல்லோரும் பார்க்கும்படி வெளியிட்டார் திவ்யபாரதி. 2017 ஜூலையில், மாணவியாக இருந்தபோது கலந்துகொண்ட 2009-ஆம் ஆண்டுப் போராட்ட வழக்கைத் தூசு தட்டி அவரைக் கைது செய்தார்கள். தொலைபேசியில் ஆபாச வசவும் மிரட்டலும் ஓயாமல் வந்தன. அவர் ஒதுங்கிவிடவில்லை. ஒக்கிப் புயலில் கடலில் தொலைந்த குமரி மீனவர்களைப் பற்றி 'ஒருத்தரும் வரல' எடுத்தார். அதற்கும் வழக்கு வந்தது.

இப்படிப் படம் எடுப்பவர்களுக்குப் பாராட்டு விழாவைவிடத் திரையிட ஓர் அரங்கமும், வழக்கு நடத்தத் துணையும்தான் தேவை. தொழிற்சங்கங்களும் கல்லூரித் திரைப்பட மன்றங்களும் இதைச் செய்ய முடியும், செய்ய வேண்டும்.

படம் வந்த பிறகு, சாக்கடையில் இறப்பவரின் குடும்பத்துக்கான இழப்பீட்டை 10 லட்சத்திலிருந்து 30 லட்சம் ரூபாயாக 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் உயர்த்தியது. பணம் கூடியிருக்கிறது, ஆள் இறங்குவது இன்னும் நிற்கவில்லை. உங்கள் வீட்டுத் தொட்டி நிரம்பினால் இயந்திரம் வரும்வரை காத்திருங்கள். எவ்வளவு அவசரமானாலும் உள்ளே ஓர் ஆளை இறக்காதீர்கள்.