கடலில் வழிகாட்டும் கடிகாரங்கள்

புதுச்சேரி தேங்காய்த்திட்டு துறைமுகத்திலிருந்து மீன்பிடிக்கப் புறப்படும் படகுகளுக்கு ஜிபிஎஸ் கருவி இன்று இன்றியமையாத துணை. கரை கண்ணுக்கு மறைந்த பிறகும், படகு நிற்கும் இடத்தை அட்சரேகை, தீர்க்கரேகை என்ற இரண்டு எண்களில் அது சொல்லிவிடும்.

இதே எண்களுக்காக இந்த ஊரில் ஒருவர் மாதக்கணக்கில் வானத்தைப் பார்த்திருக்கிறார். சூரியனை வெள்ளி கடப்பதைக் காண 1768-இல் வந்த பிரெஞ்சு வானியலாளர் லெ ஜான்தீ, இடிந்த கோட்டையின் மீது ஆய்வுக்கூடம் அமைத்தார். 1769 ஜூன் 4 காலை மேகம் மூடி அந்தக் காட்சி கிடைக்காமல் போனது. ஆனால் காத்திருந்த காலத்தில் ஊரின் தீர்க்கரேகையைக் கணித்துவிட்டார். பூமி ஒரு டிகிரி சுழல நான்கு நிமிடம் ஆகிறது. ஆகவே பாரிஸ் நேரமும் புதுச்சேரி நேரமும் எவ்வளவு வேறுபடுகின்றன என்று தெரிந்தால் தீர்க்கரேகை தெரிந்துவிடும். அதில் நான்கு விநாடி பிசகினால் இடம் ஏறத்தாழ 1.8 கிலோமீட்டர் தள்ளிப்போகும்.

ஜிபிஎஸ்ஸுக்கும் நேரம்தான் ஆதாரம். சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் செயற்கைக்கோள்கள், அணுக் கடிகாரம் காட்டும் நேரத்தையும் தம் இருப்பிடத்தையும் ரேடியோ அலையில் ஓயாமல் அறிவிக்கின்றன. அந்த அலை ஒளியின் வேகத்தில் வந்து சேர ஒரு விநாடியில் பதினைந்தில் ஒரு பங்கு ஆகும். வந்து சேர்ந்த நேரத்தை வைத்துத் தூரம் கணிக்கப்படுகிறது. மூன்று செயற்கைக்கோள்களின் தூரம் இடத்தைத் தரும். கையிலுள்ள கருவியின் கடிகாரம் அவ்வளவு துல்லியமானதல்ல என்பதால், அதைத் திருத்த நான்காவது வேண்டும். நேரத்தில் ஒரு விநாடியின் பத்து லட்சத்தில் ஒரு பங்கு தவறினால் தூரத்தில் 300 மீட்டர் தவறும். 2013 முதல் இந்தியா ஏவிவரும் நாவிக் செயற்கைக்கோள்களும் இதே முறையில் இயங்குகின்றன.

ஐதராபாத்தின் இன்காய்ஸ் நிறுவனம் மீன்வளமுள்ள இடங்களை அட்சரேகை, தீர்க்கரேகை எண்களிலேயே அறிவிக்கிறது. எண்ணைப் பிறரிடமிருந்து வாங்கும்போது ஒன்றைக் கேட்டுத் தெளிய வேண்டும். 11 டிகிரி 55.50 மினிட் வேறு; 11 டிகிரி 55 மினிட் 50 செகண்ட் வேறு. இரண்டுக்கும் இடையே 600 மீட்டருக்கு மேல் கடல் கிடக்கிறது. வலை கிழிக்கும் பாறையைத் தவிர்க்க நினைப்பவர் அதன் மீதே போய்விடலாம்.

இன்னொன்று: சாதாரண ஜிபிஎஸ், படகு நகரும்போதுதான் திசையை அறியும்; நின்ற படகின் முகம் எந்தப் பக்கம் என்று சொல்லாது. அதனால் திசைகாட்டியும் உடன் இருக்கட்டும். புறப்படும் முன் துறைமுக முகத்துவாரத்தைக் கருவியில் பதிந்து, அதே எண்ணைத் தாளிலும் எழுதிக்கொள்ளுங்கள். பேட்டரி தீர்ந்தாலும், இன்னொரு படகின் கருவியில் அந்த எண்ணைக் கொடுத்துக் கரை சேரலாம்.