உங்களுக்குத் தெரியுமா? புகைபோக்கி கேட்காத பாய்லர்

திருமலை அன்னதானச் சமையலுக்கு வெயிலைக் கொண்டே நீராவி எடுக்கும் அமைப்பு 2002-இல் நிறுவப்பட்டது. வெயில் நீராவிக்கு நெருப்பு வேண்டாம்; அதனால் புகையும் இல்லை, புகைபோக்கியும் தேவையில்லை.

• சூரியன் போகும் பக்கம் திரும்பும் 106 பிரதிபலிப்புத் தட்டுகள். நாளுக்கு 4,000 கிலோ நீராவி, 180 டிகிரி செல்சியஸில். சுமார் 15,000 பேருக்குச் சமைக்கலாம் என்பது அப்போதைய கணக்கு. மேகம் மூடினால் கைகொடுக்க டீசல் பாய்லர் இருந்தது.

• நெருப்பு எரிந்தால் புகைக்கு வழி வேண்டும். வீடுகளில் இருந்த பழைய செம்பு பாய்லரில் புகைக்குழாய் தண்ணீருக்கு நடுவிலேயே நிற்கும். வெளியேறும் புகையின் சூடும் வெந்நீராகிவிடும். கெட்டிக்கார வேலை! அதை முற்றத்தில் வைத்திருந்த வரை புகையால் ஆபத்தும் குறைவு.

• கேஸ் கீசர் குளியலறைக்குள் வந்ததில்தான் சிக்கல். காற்றோட்டம் குறைந்தால் கார்பன் மோனாக்சைடு உண்டாகும்; அதற்கு நிறமில்லை, மணமில்லை. ரத்தத்தின் ஹீமோகுளோபினை ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கு மேல் இறுகப் பற்றும்.

• கசியும் சிலிண்டர் வாயு தரையில் தேங்கும்; எரிந்த சூடான வாயு கூரைக்கு ஏறும். எனவே திறப்பு கீழேயும் வேண்டும், மேலேயும் வேண்டும். கீசரைக் குளியலறைக்கு வெளியே, திறந்த இடத்தில் மாட்டுவது இன்னும் நல்லது.