உங்களுக்குத் தெரியுமா? வட்டி ஏறினால் நாணயம் ஏறுமா?

★ 1992 செப்டம்பர் 16 அன்று ஸ்வீடன் மத்திய வங்கி, வங்கிகளுக்குத் தரும் ஓரிரவுக் கடனின் வட்டியை 500 சதவீதமாக உயர்த்தியது. அச்சுப்பிழை இல்லை, ஐந்நூறுதான். ஆண்டுக்கு 500 என்றால் நம் ஊர்க் கணக்கில் நூற்றுக்கு நாற்பது வட்டிக்கும் மேல். மீட்டர் வட்டிக்காரரே வாயடைத்துப் போவார். ஸ்வீடன் நாணயமான குரோனா விழப்போகிறது என்று கணித்தவர்கள், குரோனாவைக் கடனாக வாங்கி விற்றுத் தள்ளிக்கொண்டிருந்தார்கள். அந்தக் கடனையே தொட முடியாதபடி சுடவைப்பதுதான் வங்கியின் திட்டம். இரண்டு மாதம் தாக்குப்பிடித்தது. நவம்பர் 19 அன்று குரோனாவை அதன் போக்கில் விட்டுவிட்டார்கள்.

★ அதே செப்டம்பர் 16 அன்று பிரிட்டன் காலையில் வட்டியை 10இலிருந்து 12 சதவீதமாக்கியது. மதியம், மறுநாள் முதல் 15 என்று அறிவித்தது. மாலையில், நாணய மதிப்புகளை ஒன்றோடொன்று கட்டிவைத்திருந்த ஐரோப்பிய நாணய ஏற்பாட்டிலிருந்தே பவுண்டை வெளியே எடுத்துவிட்டது. வட்டியை ஏற்றுவது சில நேரம் பலமாகத் தெரியாது, பதற்றமாகத்தான் தெரியும்.

★ இந்தச் சங்கதிகளுக்கெல்லாம் அடியில் இருப்பது ஒரு கழித்தல் கணக்கு. வங்கி தரும் வட்டியிலிருந்து விலைவாசி உயர்வைக் கழியுங்கள். மிஞ்சுவதுதான் உண்மையான வட்டி. ஒரு நாட்டில் பணத்தைப் போடலாமா என்று யோசிக்கும் வெளிநாட்டு முதலீட்டாளர் பார்ப்பது இந்த மிச்சத்தைத்தான். மிச்சம் நாளைக்கும் இருக்குமா என்பது அவருடைய அடுத்த கேள்வி.

★ துருக்கி அதிபர் எர்டோவான் இந்தக் கணக்கையே தலைகீழாகப் போட்டவர். வட்டி அதிகமாக இருப்பதால்தான் விலைவாசி ஏறுகிறது என்பது அவர் கட்சி. ஒத்துப்போகாத மத்திய வங்கித் தலைவர்களை வீட்டுக்கு அனுப்பினார். 2019 ஜூலைக்கும் 2021 மார்ச்சுக்கும் இடையில் மூன்று பேர் போனார்கள். 2021 செப்டம்பரில் 19 சதவீதமாக இருந்த வட்டி டிசம்பரில் 14 ஆனது. லிரா அந்த ஓர் ஆண்டில் மட்டும் டாலருக்கு எதிராக ஏறத்தாழ 44 சதவீத மதிப்பை இழந்தது. இறக்குமதியான எரிபொருள் முதல் மருந்து வரை எல்லாம் எகிற, 2022 அக்டோபரில் பணவீக்கம் 85 சதவீதத்தைத் தாண்டியது.

2023 தேர்தலில் வென்றபின் வட்டியை ஏற்ற அவரே வழிவிட்டார். 8.5 சதவீதமாக இருந்த வட்டி 2024 மார்ச்சில் 50 ஆனது. லிரா உடனே நிமிர்ந்ததா? இல்லை. 2024 மே மாதத்தில் பணவீக்கம் 75 சதவீதம். ஐம்பதிலிருந்து எழுபத்தைந்தைக் கழித்தால் என்ன மிஞ்சும்? லிராவின் சரிவு வேகம் குறைந்தது, சரிவு நிற்கவில்லை.

★ அமெரிக்காவில் விலைவாசி எதிர்பார்த்ததைவிட அதிகமாக ஏறினால், அன்றைக்கு டாலர் இறங்கும் என்றுதானே நினைப்போம்? பெரும்பாலும் ஏறும். 2022 ஜூலை 13 அன்று அமெரிக்கப் பணவீக்கம் 9.1 சதவீதம் என்ற செய்தி வந்தது. அன்றே யூரோ, இருபது ஆண்டுகளில் முதல்முறையாக ஒரு டாலருக்குக் கீழே எட்டிப் பார்த்தது. ஃபெடரல் ரிசர்வ் வட்டியைக் கூட்டத்தான் போகிறது என்று சந்தை முன்கூட்டியே கணக்குப் போட்டதுதான் காரணம். விலைவாசி உயர்வு நாணயத்தை அரிக்க ஆண்டுக்கணக்காகும். வட்டி பற்றிய ஊகத்துக்கு ஒரு நொடி போதும்.

★ ஆண்டுக்கணக்கான அந்த அரிப்புக்கு நம் ரூபாயே சாட்சி. 1993இல் ஒரு டாலர் சுமார் 31 ரூபாய், 2023இல் சுமார் 83. ஆண்டுக்குச் சராசரியாக 3 சதவீதத்துக்குச் சற்று மேல் தேய்மானம். இதில் பெரும்பங்கு இங்கே விலைவாசி அமெரிக்காவைவிட வேகமாக ஏறியதால் வந்தது. “ரூபாய் வரலாறு காணாத வீழ்ச்சி” என்ற தலைப்பு நமக்கு ஏன் இத்தனை முறை வாய்க்கிறது என்பது இப்போது புரிந்திருக்கும்.

★ திருப்பூர் ஏற்றுமதியாளர்கள் இதிலும் காசு பார்ப்பார்கள். இன்று டாலர் 80 ரூபாய், இந்திய வட்டி 7 சதவீதம், அமெரிக்க வட்டி 4 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். ஓர் ஆண்டு கழித்து வரப்போகும் டாலரை இன்றே வங்கியிடம் ‘ஃபார்வர்டு’ போட்டு விற்றால் சுமார் 82 ரூபாய் 30 காசு கிடைக்கும். டாலர் ஏறும் என்று வங்கிக்கு ஜோசியம் தெரியாது. இரண்டு வட்டிக்கும் உள்ள வித்தியாசம்தான் அந்த ‘பிரீமியம்’.

★ வட்டி, விலைவாசி, நாணயம் என்ற இந்தக் கணக்கின் எல்லாப் பக்கங்களையும் இலங்கை சில ஆண்டுகளிலேயே பார்த்துவிட்டது. டாலரை 200 ரூபாய்க்கு அருகிலேயே கட்டிவைத்திருந்தபோது, வங்கிக்கு வெளியே பணம் அனுப்பித்தரும் உண்டியல்காரர்கள் அதைவிடக் கூடுதலாகத் தந்தார்கள். வெளிநாட்டில் உழைக்கும் மகனும் மகளும் எந்த வழியாக அனுப்புவார்கள்? 2020இல் 710 கோடி டாலராக இருந்த வெளிநாட்டுப் பணவரவு, 2022இல் 380 கோடியாகச் சுருங்கியது. 2022 மார்ச்சில் கட்டு அவிழ்ந்தது, இரண்டு மாதத்தில் டாலர் 360 ரூபாயைத் தொட்டது.

ஏப்ரல் 8 அன்று, பதவியேற்ற மறுநாளே, மத்திய வங்கி ஆளுநர் நந்தலால் வீரசிங்க வட்டியை ஒரே மூச்சில் 7 சதவீதப் புள்ளிகள் கூட்டினார். ஆனாலும் செப்டம்பரில் கொழும்பில் பணவீக்கம் 69.8 சதவீதத்துக்குப் போய்த்தான் திரும்பியது. வட்டி என்பது இன்று குடித்தால் இன்றே கேட்கும் மருந்தல்ல. ஓராண்டு கழித்து, 2023 செப்டம்பரில் அது 1.3 சதவீதம். 2024இல் டாலர் 300 ரூபாய்ப் பக்கம் இறங்கியது. வட்டியோடு பன்னாட்டு நிதியத்தின் கடனும், வெளிநாட்டுக் கடன் தவணைகளை நிறுத்திவைத்ததும், மக்கள் வயிற்றைக் கட்டியதும் சேர்ந்துதான் இது நடந்தது. பணவீக்கம் குறைந்தது என்றால் விலை குறைந்தது என்று அர்த்தமில்லை என்பதை யாழ்ப்பாணத்திலும் கொழும்பிலும் சந்தைக்குப் போகிறவர்களுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. ஏறிய விலை ஏறியதுதான். மேற்கொண்டு ஏறும் வேகம்தான் தணிந்தது.

★ ஜப்பானில் 2016 முதல் 2024 மார்ச் வரை வட்டி பூஜ்யத்துக்கும் கீழே இருந்தது. யென்னில் மலிவாகக் கடன் வாங்கி, வட்டி அதிகமுள்ள நாட்டில் போட்டுச் சம்பாதிப்பது உலகம் முழுக்க ஒரு தொழிலாகவே நடந்தது. வீட்டிலிருந்தே இதில் இறங்கிய ஜப்பானிய இல்லத்தரசிகளுக்கு ‘திருமதி வதனபே’ என்று சந்தை பட்டப்பெயரே வைத்தது. 2024 ஜூலை 31 அன்று ஜப்பான் வட்டியை வெறும் 0.25 சதவீதமாக்கியது. அமெரிக்க வேலைவாய்ப்புக் கணக்கும் மோசமாக வர, கடன் வாங்கியவர்கள் திருப்பிக் கட்ட ஓடினார்கள். ஆகஸ்ட் 5 அன்று டோக்கியோ பங்குச் சந்தை ஒரே நாளில் 12 சதவீதத்துக்கு மேல் விழுந்தது.

★ அர்ஜென்டினாவில் 2023 அக்டோபரில் வட்டி 133 சதவீதம். அப்படியும் பெசோவைக் கையில் வைத்திருக்க ஆள் இல்லை.

★ சிங்கப்பூர் மத்திய வங்கி வட்டியைத் தொடுவதே இல்லை. இறக்குமதியை நம்பி வாழும் சிறு நாடு என்பதால், 1981 முதல் விலைவாசியை அடக்க நாணய மதிப்பையே கருவியாக வைத்திருக்கிறது. விலை ஏறினால் சிங்கப்பூர் டாலரை இன்னும் கொஞ்சம் வலுவாக்கும்.

★ துபாய் நிலைமை வேறு. 1997 முதல் ஒரு டாலருக்கு 3.6725 திர்ஹாம் என்று கட்டிவைத்திருப்பதால், வாஷிங்டனில் வட்டி ஏறினால் அபுதாபியிலும் ஏற்றியாக வேண்டும். வளைகுடாவிலிருந்து ஊருக்குப் பணம் அனுப்புகிறவர்களே, நீங்கள் பார்க்க வேண்டியது திர்ஹாமை அல்ல, டாலரை.

★ அதே துபாயில் ஒரு காலத்தில் ஓடியது நம் ரூபாய்தான். 1959 முதல் ரிசர்வ் வங்கி வளைகுடாவுக்கென்றே தனி நோட்டு அச்சிட்டது. போர், வறட்சி, விலைவாசி என்று அடிமேல் அடி வாங்கிய இந்தியா, 1966 ஜூன் 6 அன்று ஒரு டாலருக்கு 4.76 ஆக இருந்த ரூபாயை 7.50 ஆக இறக்கியது. சட்டைப்பையில் இருந்த பணத்தின் மதிப்பு தங்களைக் கேட்காமலே டெல்லியில் கரைந்ததைக் கத்தாரும் துபாயும் பொறுத்துக்கொள்ளவில்லை. அதே ஆண்டில் சொந்தமாக ரியால் அச்சிட்டுக்கொண்டு ரூபாய்க்கு விடைகொடுத்தன.